கதைச்சனான்

பெப்ரவரி 4, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். குட்மேய்ஸ் ஸ்டேஷன் வாசலில் குடை முறிந்தது. குப்பைத்தொட்டியில் எறிந்துவிட்டு நனைந்தபடி வீடு.

இன்றைக்கு: அம்மாவின் கண் மருந்து. பின்னேரம் அண்ணையின் கடையில் ஷிப்ட். தலைக்குச் சாயம் – வேண்டாம், நரை அப்படியே இருக்கட்டும் என்று ஃபியோனா சொல்லியிருக்கிறாள். அம்பத்திரண்டு வயதில் விற்கக்கூடிய ஒரே சரக்கு இந்த நரைதான்.

ஃபியோனா என் ஏஜென்ட். மருந்துக் கடை வரிசையில் நிற்கும்போது அழைத்தாள். கிடைத்துவிட்டது! பொலிஸ் தொடர், இரண்டாம் பாகத்தில் ஒரு காட்சி. பிணவறையில் மகனின் உடலை அடையாளம் காட்டும் தாய். "பாத்திரத்துக்குப் பெயர் இருக்கிறது சுகந்தி, பெயர் இருக்கிறது" என்று இரண்டு தரம் சொன்னாள். மிஸஸ் சிவம். தமிழ்த் தாய். தமிழில் இரண்டு வரி.

எனக்குப் பின்னால் நின்ற மனுசன், "லைன் நகருது, நீங்கள் வாறீங்களோ இல்லையோ?" என்றான்.

முப்பது வருசமாகக் கமராவுக்கு முன்னால் நிற்கிறேன். ஒரு தரமேனும் தமிழில் வாய் திறந்ததில்லை. இங்கே வருமுன் ஒல்லாந்தில் நான் நடித்தவை: மொரோக்கோ அம்மா. சுரினாம் மாமி. துருக்கிக்காரியின் தங்கை. பேய் (இந்தியப் பேயாம்). ஆஸ்பத்திரி கூட்டுகிற பெண், பலமுறை. பிறகு அதிர்ஷ்டம், அதே ஆஸ்பத்திரியில் நர்ஸ். நர்ஸ் ஃபாத்திமா நாலு சீசன் ஓடினாள், ஐந்தாவதில் லிஃப்டுக்குள் செத்தாள். சந்தையில் ஒரு டச்சுக் கிழவி என் கையைப் பிடித்துக்கொண்டு, நீ எவ்வளவு வடிவாகச் செத்தாய் என்று அழுதது. என் தொழிலின் உச்சம் அதுதான். அதற்குப் பிறகு எல்லாம் இறக்கம்.

லண்டனுக்கு வந்தால் எங்கள் முகத்துக்கு வேலை கூடுதல் என்றார்கள். முகங்களும் கூடுதல் என்று யாரும் சொல்லவில்லை.


பெப்ரவரி 5, புதன்

அம்மாவுக்குச் சொன்னேன். சோபாவில் அவருடைய மூலையில் இருந்து வானொலி கேட்டுக்கொண்டிருந்தார். இரண்டு கண்ணிலும் நடுப்பார்வை போய் மூன்றாவது வருசம். விளிம்பில் மட்டும் ஏதோ தெரியுமாம். என் முகம் தெரியாது, கையை ஆட்டினால் தெரியும்.

"தமிழிலயோ?" என்றார். வானொலியை நிறுத்தினார். அம்மா வானொலியை நிறுத்துவதென்றால் வீட்டில் செத்தவீடாக இருக்க வேண்டும்.

"ஓம் அம்மா. ரெண்டு வரி."

"ரெண்டு வரி காணும். எனக்கு விளங்குமெல்லே."

கண் தெரிந்த காலத்தில் ஃபாத்திமா வரும் எல்லா நாளும் ஒல்லாந்து வீட்டில் டிவிக்கு முன்னால் இருந்தவர். ஒரு சொல் விளங்காது. "இப்ப என்ன சொன்னனீ?" என்று கேட்பார், நான் சொல்வதற்குள் அடுத்த காட்சி வந்துவிடும். "டச்சில கதைச்சா நீ வேற ஆரோ பிள்ளை" என்பார். "முகம் உன்ர, குரல் ஆரோ ஒருத்தியின்ர." இப்போது முகமும் இல்லை. மிச்சம் குரல்தான்.

பின்னேரத்துக்குள் கனடாவுக்கும் சுன்னாகத்துக்கும் கோயில் ஐயருக்கும் செய்தி போய்விட்டது. மனிசிக்குப் போனில் நம்பர் அமத்தத் தெரியாது என்று யார் சொன்னது.


பெப்ரவரி 6, வியாழன்

ஸ்கிரிப்ட் வந்தது. என் வரி, தமிழ் எழுத்தில்:

"நேத்து நைட்டுகூட அவன்கிட்ட பேசினேன். சாப்பிட்டியான்னு கேட்டேன்."

சென்னைத் தமிழ். ஆனால் மிஸஸ் சிவம் யாழ்ப்பாணம் என்று அதே பக்கத்தில் ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறது. அகதியாக வந்தவளாம். அகதியாக வந்து இத்தனை வருசம் கழித்து, பிள்ளை செத்த நேரத்தில் மட்டும் மைலாப்பூருக்குப் போய்விட்டாள் போல.

அதுவும் "பேசினேன்". எங்கள் வீட்டில் பேசுவதென்றால் ஏசுவது. "அப்பா பேசினவர்" என்று பள்ளிக்கூடத்தில் சொன்னால் சிநேகிதிகள் பாவப்படுவார்கள். மிஸஸ் சிவம் இதைச் சொன்னால் சாவதற்கு முதல் நாள் பிள்ளையைத் திட்டினாள் என்று குட்மேய்ஸ் முழுக்க நினைக்கும்.

பலசரக்குச் சிட்டையின் பின்பக்கம் எழுதிப் பார்த்தேன்: "நேற்று இரவும் அவனோட கதைச்சனான். சாப்பிட்டியோ எண்டு கேட்டனான்."

கதைச்சனான். வாயில் வைத்துப் பார்த்தேன். நாடகப் பள்ளிக்கூட விடுதிக்கு அம்மா ஒவ்வொரு நாளும் எடுத்த போன்: "சாப்பிட்டியோ?" அதற்கு மேல் ஒன்றும் கேட்க மாட்டார். என்ன படிக்கிறாய், என்ன நடிக்கிறாய், ஒன்றும் இல்லை.


பெப்ரவரி 19, புதன்

வால்தம்ஸ்டோ. பழைய தொழிற்சாலை ஒன்றைப் பிணவறையாக்கியிருந்தார்கள். உண்மைப் பிணவறை கூட இவ்வளவு குளிராது. ஹீட்டர் சத்தம் ஒலிப்பதிவுக்கு ஆகாதாம்.

மகன் ரப்பர். நல்ல வேலைப்பாடு, இமை மயிர் எல்லாம் ஒவ்வொன்றாக வைத்திருந்தார்கள். தொடக் கூடாது என்றார்கள், வர்ணம் கழன்றுவிடும். பெற்ற தாய், பிள்ளையைத் தொடாமல் ஒரு அடி தள்ளி நின்று அழ வேண்டும்.

டைரக்டர் ஆலிவர். சின்ன வயசு, நல்ல பிள்ளை, எல்லாருக்கும் நன்றி சொல்கிறான். சொல்லை மாற்றலாமா என்று கேட்டேன். ஏன் என்றான். விளக்கினேன்: இந்தச் சொல்லைப் போட்டால் எங்கள் ஆட்களுக்கு, நேற்று மகனைத் திட்டினேன் என்று கேட்கும்.

அவன் கண் விரிந்தது. "திட்டினாளா? அது நல்லாயிருக்கிறதே! குற்ற உணர்ச்சி!"

இல்லை ராசா. திட்டவில்லை. சாப்பிட்டியோ என்று கேட்டாள். அவ்வளவுதான். அதுதான் விசயமே.

ஆலிவர் நெஞ்சில் கையை வைத்து, "உங்களுக்கு எது உண்மையோ அதைச் சொல்லுங்கள்" என்றான். ஸ்கிரிப்டில் மாற்றி எழுதச் சொல்லி யாரிடமாவது சொன்னானா தெரியாது. நானும் கேட்கவில்லை. எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டது, பிறகு பேப்பரை யார் பார்ப்பது.

மூன்றாவது டேக். ரப்பர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். குரல் எங்கிருந்து வந்ததென்று தெரியாது, என் குரலே இல்லை, அல்லது முதல் முதலாக என்னுடைய குரல். "கதைச்சனான்" என்ற சொல்லின் நடுவில் உடைந்தது, நான் உடைக்கவில்லை. கட் சொல்ல ஆலிவர் மறந்துவிட்டான். மேக்கப் பெண் மூக்கைச் சீறினாள்.

இவ்வளவு காலத்தில் நான் செய்த ஒரே நல்ல வேலை இது. எழுதி வைக்கிறேன், என் கொப்பியில் நானே புகழ்ந்தால் யாருக்கு நட்டம்.

வரும்போது பஸ்ஸில் பின் சீட்டுப் பெண்கள்: "அவளுக்கு மூளை இல்லை, கவுன்சில் வீட்டை விட்டுட்டுப் போறாள்." "அவளுக்கு எப்ப இருந்தது?" சிரித்துக்கொண்டே வந்தேன். எல்லாம் இனிப்பாக இருந்தது.


செப்டெம்பர் 9, செவ்வாய்

வெயில், காற்று. மருத்துவக் கல்லூரிப் பரீட்சை நாள். நடிப்பில்லாத மாதங்களில் இதுதான் சோறு: மாணவருக்கு முன்னால் நோயாளியாக, நோயாளியின் சொந்தக்காரியாக நடிப்பது. இன்றைக்கு என் மகன் மோட்டார் சைக்கிளில் செத்துவிட்டான். ஒவ்வொருவராக வந்து எனக்குச் சொல்லிவிட்டுப் போனார்கள். ஒருத்தி டிஷ்யூப் பெட்டியை என் பக்கம் தள்ளித் தள்ளி மேசையிலிருந்து விழுத்திவிட்டாள். இன்னொருவன் செய்தியைச் சொல்லாமலே நேரத்தை முடித்தான். கதவைச் சாத்தும்போது, "உங்கள் மகனுக்கு என் வாழ்த்துகள்" என்றான். பதட்டம், பாவம்.

இடைவேளையில் ஃபியோனா.

குரலைக் கேட்டதும் தெரிந்தது. செய்தி சொல்ல இவளும் படித்திருக்கலாம். முதலில் கால நிலை, பிறகு அம்மா எப்படி, பிறகு, "ஒரு சின்ன விசயம்."

என் காட்சி இருக்கிறதாம். வெட்டவில்லை. முகம் அப்படியே. குரலை மாற்றிவிட்டார்கள்.

கடைசிச் சரிபார்ப்புக்குத் தமிழ் தெரிந்த ஒருவரைப் பிடித்திருக்கிறார்கள். அவர் கையில் கொடுத்தது பழைய பேப்பர். பேப்பரில் ஒன்று இருக்கிறது, நான் வேறொன்று சொல்கிறேன். "உச்சரிப்பும் சொற்களும் பிழை, நடிகைக்குத் தமிழ் போதாது" என்று குறிப்பு. டச்சுக்காரி என்று என் பெயருக்குப் பக்கத்தில் போட்டிருக்கிறதே, அதையும் பார்த்திருப்பார். ஆலிவர் அடுத்த படத்துக்குப் போய்விட்டான். தமிழ்ப் பார்வையாளர் குறை சொல்லக் கூடாது என்று வேறொரு பெண்ணை வைத்து அவசரமாக எடுத்துப் போட்டாயிற்று. ஒப்பந்தத்தில் அதற்கு இடம் இருக்கிறதாம்.

எனக்குத் தமிழ் போதாது.

அந்த மனுசரையும் குறை சொல்ல ஏலாது, பேப்பரைப் பார்த்தார், பிழை என்றார். ஆனால் ஒருவரைப் பிடித்து நல்லாகப் பேச வேண்டும் போல் இருக்கிறது, எங்கள் வீட்டுப் பேச்சு. சும்மா அந்த வரியைச் சொல்லிவிட்டு வந்திருந்தால் இன்றைக்கு அது என் குரலாகவாவது இருந்திருக்கும். சொல் பிழை, குரல் சரி. அம்மாவுக்கு அது போதும். எனக்குத்தான் போதவில்லை.

பிற்பகல் இன்னும் எட்டோ ஒன்பதோ மாணவர். மகன் செத்துக்கொண்டே இருந்தான். மேற்பார்வையாளர் வந்து, இன்றைக்கு மிக உண்மையாக இருந்தது என்றார்.


செப்டெம்பர் 12, வெள்ளி

அண்ணையின் கடை. பால், சிகரெட், லொத்தர் டிக்கெட். ஆளில்லாத நேரம் பார்த்து அண்ணையிடம் சொன்னேன்.

கணக்கு மெஷினைத் தள்ளிச் சாத்தினார். "அம்மாவுக்குச் சொல்லிப்போடாத."

"சொல்லாம? கேட்கேக்க தெரியும்தானே அண்ணை."

"ஒண்டு செய். அந்த இடம் வரேக்க சத்தத்தை நிப்பாட்டிப்போட்டு நீயே பக்கத்தில நிண்டு சொல்லு. அம்மாவுக்கு என்ன தெரியப் போகுது? கண்ணோ தெரியாது."

"விசரே உங்களுக்கு?"

"நீ நடிகைதானே!"

சண்டை. முட்டைத் தட்டை அடித்து வைத்துவிட்டு வந்துவிட்டேன், இரண்டு உடைந்தது. பெற்ற தாயை ஏமாற்றவா இந்தத் தொழிலுக்கு வந்தேன்? வீட்டுக்கு நடக்கும்போது மழை பிடித்தது. வீட்டில் அம்மா வாசலுக்கு முகத்தைத் திருப்பி, "பிள்ளையோ? சாப்பிட்டியோ?" என்றார். ஓம் என்றேன். சாப்பிடவில்லை.


ஒக்டோபர் 19, ஞாயிறு

மூன்று நாளாக ஆஸ்பத்திரி. அம்மாவின் நெஞ்சில் நீர். காலிரண்டும் வீங்கி, விரலால் அமத்தினால் குழி அப்படியே நிற்கிறது.

டாக்டர் நடை ஓரத்துக்குக் கூப்பிட்டார். இளைஞர். முதலில் இருக்கச் சொன்னார். எனக்கு என்ன தெரியும் என்று கேட்டார். பிறகு நிறுத்தி, என் முகத்தைப் பார்த்து, நேராகச் சொன்னார்: இதயம் களைத்துவிட்டது, மருந்து இனிமேல் வசதிக்குத்தான், வீட்டுக்குக் கூட்டிப்போய் விரும்பியதைக் கொடுங்கள். பரீட்சையில் என்றால் முழு மார்க் கொடுத்திருப்பேன். என் முகம் என்ன செய்ததென்று தெரியாது, அதற்கு மார்க் போட அங்கே யாரும் இல்லை.

அம்மா மூச்சுக்குப் போட்ட முகமூடியை விலக்கி: "உன்ர படம் எப்ப வருது?"

"வாற கிழமைக்கு அடுத்த கிழமை அம்மா."

"அதுக்கு முதல் என்னை வீட்டில விடுவினமோ?"

"விடுவினம்."

பக்கத்துக் கட்டிலில், சவுத்தாலிலிருந்து வந்த மனிசியிடம் சைகையாலும் தமிழாலும் சொல்லிக்கொண்டிருக்கிறார், தன் மகள் டிவியில் தமிழில் வரப்போகிறாள் என்று. அந்த மனிசி பஞ்சாபியில் ஏதோ ஆசீர்வாதம் சொன்னாள்.

அண்ணைக்கு மெசேஜ் போட்டேன்: நீங்கள் சொன்னபடியே செய்வம்.


ஒக்டோபர் 30, வியாழன்

தொடர் நேற்று வந்தது. அம்மா வெள்ளனப் படுத்துவிடுவார், ஞாயிறு பின்னேரம் ஆறுதலாகப் போட்டுக் கேட்போம் என்று சொல்லியிருக்கிறேன். இன்றைக்கு அம்மா தூங்கும்போது அறையைச் சாத்திக்கொண்டு முதலில் நான் பார்த்தேன்.

குரல்காரி கெட்டிக்காரி. அதுதான் கொடுமை. தேன் மாதிரிக் குரல், படித்த குரல். என் வாய் திறக்க ஒரு கணம் முன்பே வந்துவிடுகிறது. "நேத்து நைட்டுகூட..." என் வாய் "இரவும்" என்று அசைகிறது. முகத்தைப் பார்த்தால் எவளோ ஒருத்தி எனக்குள் இருந்து கதைப்பது போல் இருக்கிறது. அம்மா ஒல்லாந்தில் சொன்னது இதைத்தான். முகம் உன்ர, குரல் ஆரோ ஒருத்தியின்ர.

அழுதேன். போதும்.

ஒத்திகை: பொலிஸ்காரன் துணியை விலக்குவான். "இது உங்கள் மகனா?" நான் தலையசைப்பேன். அந்த இடத்தில் சத்தத்தை நிறுத்த வேண்டும். டிவிக்குப் பக்கத்தில் நின்று சொல்ல வேண்டும், சோபாவில் இருந்தால் திசை காட்டிக்கொடுத்துவிடும். பிணவறைக் கதவு சாத்தும்போது சத்தம் திரும்ப. குளியலறையில் சொல்லிப் பார்த்தேன். வால்தம்ஸ்டோவில் வந்தது வரவில்லை. பிறகு வந்தது.

வாங்க வேண்டியது: ரிமோட்டுக்குப் பற்றரி. அம்மாவுக்கு உப்பில்லாத பிஸ்கட்.


நவம்பர் 2, ஞாயிறு

குளிர். வானம் காலையிலிருந்து சாம்பல்.

அம்மா காலையிலேயே சேலை கேட்டார். ஆஸ்பத்திரியால் வந்த நாளிலிருந்து நைட்டிதான். நீலப் பட்டு. கட்டிவிட்டேன், இடுப்பில் நிற்கவில்லை, ஊசி குத்தினேன். திருநீறு. அண்ணை கடையைப் பூட்டிவிட்டு வந்து கதவோரம் நின்றார். என்னைப் பார்க்கவில்லை.

"எங்க, போடு" என்றார் அம்மா. கைகளை மடியில் வைத்து நிமிர்ந்து இருந்தார், கோயிலில் இருப்பது போல்.

முதல் பாதி முழுக்க ஆங்கிலம். சைரன். ஓட்டம். "நீயோ?" "இல்லை அம்மா." "இதோ?" "இன்னும் இல்லை." நான் எழும்பி டிவிப் பக்கம் போனேன். ரிமோட் கையில்.

பிணவறை. என் முகம். அம்மாவுக்கு அது வெறும் வெளிச்சம். பொலிஸ்காரன் துணியை விலக்கினான். இது உங்கள் மகனா? நான் தலையசைத்தேன்.

சத்தத்தை நிறுத்தினேன்.

சொன்னேன். "நேற்று இரவும் அவனோட கதைச்சனான். சாப்பிட்டியோ எண்டு கேட்டனான்."

வந்தது. வால்தம்ஸ்டோவில் வந்ததைவிட நல்லாக வந்தது. அண்ணை முகத்தைத் திருப்பிக்கொண்டதைப் பார்த்தேன்.

அம்மா என் பக்கம் திரும்பினார்.

"ஆரோட? அண்ணையோடயோ? நான் சாப்பிட்டனான், அவனைக் கேள்." கையை ஆட்டினார். "இப்ப கதையாத பிள்ளை. சத்தம் நிண்டுபோச்சு, கெதியாப் போடு. உன்ர இடம் போயிடப் போகுது."

போட்டேன். பிணவறைக் கதவு சாத்தியிருந்தது. பொலிஸ்காரர் இருவர் காருக்குள் ஆங்கிலத்தில் கதைத்துக்கொண்டிருந்தார்கள்.

அண்ணை குசினிக்குப் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டார். நான் வந்து அம்மாவுக்குப் பக்கத்தில் இருந்தேன். மிச்சம் எல்லாம் ஓடியது. எழுத்து ஓடியது, அதில் மிஸஸ் சிவத்துக்கு நேரே என் பெயரும் ஓடியது.

"நீ எப்ப வருவாய்?" என்றார் அம்மா.

"இனித்தான் அம்மா."

தலையாட்டினார். சேலைத் தலைப்பைச் சரிசெய்து மறுபடி நிமிர்ந்து இருந்தார். அடுத்த பாகம் தானாகவே தொடங்கியது. அதில் நான் இல்லை. அம்மா கேட்டுக்கொண்டிருக்கிறார்.